ஆப் சொன்ன காவியும் சிரட்டையில் வந்த காவியும்

தக்கலையில் சனி, ஞாயிறுகளில் நடக்கும் எங்கள் சுவரோவிய வகுப்பில் புதிதாகச் சேருகிறவர்களின் போனில் இப்போது தவறாமல் ஒரு கலர் கலக்கும் ஆப் இருக்கிறது. வேண்டிய நிறத்தைத் தொட்டுக் காட்டினால், கையிலிருக்கும் ட்யூப்களில் எதை எத்தனை பங்கு எடுக்க வேண்டும் என்று அது சொல்லும். மார்த்தாண்டத்துப் பிள்ளைகளும் சரி, களியக்காவிளைக்கு அந்தப் பக்கம் பாறசாலையிலிருந்து வருகிறவர்களும் சரி, முதல் வாரம் அதைப் பார்த்து ஆசையாகக் கலக்குவார்கள். இரண்டாம் வாரம், "சாரே, ஆப்ல காவி, சிரட்டையில சாக்லேட்" என்று வந்து நிற்பார்கள்.

அந்த ஆப்பை அழித்துவிடுங்கள் என்று நான் யாரிடமும் சொன்னதில்லை. எனக்குக் கலவை கைக்குப் பழகப் பல வருடம் ஆனது. எந்த ட்யூபிலிருந்து தொடங்கலாம், எதைத் தொடவே வேண்டாம் என்பதை ஆப் முதல் நாளே சொல்லிவிடுகிறது. புதிதாக வருகிறவருக்கு அது பெரிய உதவி. ஆனால் உங்கள் கையிலிருக்கும் ட்யூபை அது பார்த்ததே இல்லை. அந்தச் சாயத்தின் வீரியம் அதற்குத் தெரியாது. காய்ந்தால் எப்படி மாறும் என்று தெரியாது. எந்த வெளிச்சத்தில் உட்கார்ந்து கலக்குகிறீர்கள் என்றும் தெரியாது. இவற்றை ஒவ்வொன்றாக அதற்கு எப்படிச் சொல்லிக்கொடுப்பது என்றுதான் இங்கே எழுதுகிறேன். அக்ரிலிக்கை மனதில் வைத்து எழுதுகிறேன். வகுப்பில் நாங்கள் பயன்படுத்துவது அதைத்தான்.

அதற்கு முன் காவி என்ற சொல்லைப் பற்றிக் கொஞ்சம். தமிழில் காவி என்றால் சாமியார் உடுத்தும் துணியின் நிறம் மனதில் வரும். கேரளச் சுவரோவியத்தில் காவிச் சிவப்பு, காவி மஞ்சள் என்று இரண்டு உண்டு. இரண்டும் வெட்டுக்கல் என்ற செம்மண் நிறக் கல்லிலிருந்து (லேட்டரைட்) எடுத்தவை. எங்கள் ஊர்ப் பழைய வீடுகளில் காவித் தரை என்றால் ரெட் ஆக்சைடு போட்டுத் தேய்த்த தரை. ஒரே பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் மூன்று பேர் மூன்று காவியை நினைத்துக்கொண்டிருப்பார்கள். அதனால் ஆப்பில் நிறத்தின் பெயரைத் தட்டித் தேடாதீர்கள். ஒரு பொருளைக் கையில் எடுத்துக்கொள்ளுங்கள்: வெட்டுக்கல் துண்டு, பழைய தரையிலிருந்து பெயர்ந்த சில்லு, ஒரு துணி. நம் கலவை அந்தப் பொருளோடு ஒத்துப்போக வேண்டும், அவ்வளவுதான்.

கையில் வைத்துக்கொள்ள வேண்டியவை

மருந்துக்கடையில் ஊசி இல்லாத சிரிஞ்ச் வாங்குங்கள்: 2 மில்லி சில, 10 மில்லி ஒன்றிரண்டு. ஒவ்வொரு நிறத்துக்கும் தனி சிரிஞ்ச். கெட்டியான வெள்ளை அட்டை, ஒரு வெள்ளை டைல்ஸ் துண்டு, கலக்குவதற்குத் தட்டைக் கத்தி, ஈரம் உலர்த்த ஹேர் டிரையர், ஒரு நோட்டு. இவ்வளவு போதும்.

சிரட்டையைப் பற்றிக் கேட்பீர்கள். எங்கள் பக்கம் சிரட்டையில் கலக்காத பெயின்டர் கிடையாது. நானும் அதில்தான் கற்றேன். அதிகமாகக் கலக்குவதற்கு அதைவிட நல்ல பாத்திரம் இல்லை. ஆனால் நிறம் சரியா என்று பார்ப்பதற்குச் சிரட்டை கூடாது. உள்பக்கத்துப் பழுப்பு, கலவைக்குப் பக்கத்தில் நின்று கண்ணை ஏமாற்றும். கலவை சிரட்டையில், தீர்ப்பு வெள்ளை டைல்ஸில் என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்புறம், இதற்கு எடுத்த கரண்டியும் கிண்ணமும் மறுபடி அடுக்களைக்குப் போகக் கூடாது.

முதல் வேலை: ஆப்பையே சோதித்துப் பாருங்கள்

ஆப்பைத் திறந்து நீலமும் மஞ்சளும் சரிபாதி போடுங்கள். திரையில் பச்சை வந்தால் நல்லது. சாம்பல் வந்தால், அந்த ஆப் சாயத்தைக் கலக்கவில்லை, வெளிச்சத்தைக் கலக்குகிறது என்று அர்த்தம்.

ஏன் அப்படி? போன் திரையில் எல்லா நிறமும் சிவப்பு, பச்சை, நீலம் என்ற மூன்று வெளிச்சங்களின் அளவுகள்தான். ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 255 வரை ஓர் எண். இதைத்தான் ஆர்ஜிபி என்கிறார்கள். சுத்த நீலம் 0, 0, 255. சுத்த மஞ்சள் 255, 255, 0. இரண்டையும் கூட்டிச் சராசரி எடுத்தால் 128, 128, 128 என்று வரும். அது சாம்பல். கணக்கில் தப்பில்லை, ஆனால் சாயம் அப்படி நடந்துகொள்ளாது. சாயம் வெளிச்சத்தைத் தின்னும். நீலச் சாயம் சிவப்பையும் மஞ்சளையும் விழுங்கும், மஞ்சள் சாயம் நீலத்தை விழுங்கும். இரண்டும் விட்டுவைத்த மிச்சம்தான் பச்சையாகக் கண்ணுக்கு வருகிறது. வண்ணப் பூச்சு எவ்வளவு வெளிச்சத்தை விழுங்குகிறது, எவ்வளவைச் சிதறடிக்கிறது என்பதை வைத்துக் கணக்குப் போடும் முறையைப் பால் குபெல்கா, ஃபிரான்ஸ் முங்க் என்ற இருவர் 1931-லேயே எழுதிவிட்டார்கள். பச்சை காட்டும் ஆப்களின் உள்ளே பெரும்பாலும் இந்தக் கணக்கின் ஏதோ ஒரு வடிவம் இருக்கும்.

உங்கள் ஆப் சாம்பல் காட்டினாலும் அதைக் கழித்துவிட வேண்டாம். பக்கத்துப் பக்கத்து நிறங்களை, உதாரணமாகச் சிவப்பு மண்ணையும் மஞ்சள் மண்ணையும், கலக்கும்போது அது சொல்வது ஓரளவு சரியாகவே இருக்கும். பச்சை, ஊதா, பழுப்பு என்று தூரத்து நிறங்கள் சேரும் இடத்தில்தான் வழி தவறும். அந்த இடங்களில் இப்படிச் செய்யுங்கள்: பச்சையைக் கையால் கலந்து, அட்டையில் பூசி, காயவைத்து, அதையே ஒரு ட்யூப் என்று ஆப்பில் சேர்த்துவிடுங்கள். அதன் பிறகு ஆப் நீலத்தையும் மஞ்சளையும் கலக்க வேண்டியதில்லை. தயாராக இருக்கும் பச்சையைக் கொஞ்சம் வெளுக்கவோ கறுக்கவோ செய்தால் போதும். மூன்று ட்யூபுக்கு மேல் எடுக்க விடாத ஆப்களுக்கும் இதே வழிதான். இரண்டைக் கலந்து ஒன்றாக்கிக் கொடுத்தால் நான்காவதற்கு இடம் கிடைத்துவிடும்.

ட்யூபை அறிமுகம் செய்வது

பெரும்பாலான ஆப்களில் வெளிநாட்டுக் கம்பெனி ட்யூப்களின் பட்டியல்தான் இருக்கும். நாகர்கோவில் கடையில் நாம் வாங்கும் கேம்லின் ட்யூப் அதில் இல்லையென்றால், பிள்ளைகள் பெயர் ஒத்துப்போகிற வேறொன்றைத் தேர்ந்தெடுத்துவிடுவார்கள். பாதித் தப்பு அங்கேயே நடந்துவிடுகிறது. யெல்லோ ஓக்கர் (மண் மஞ்சள்) என்ற பெயரில் ஒரு கம்பெனி விற்பதும் இன்னொரு கம்பெனி விற்பதும் ஒன்றாக இருக்க வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை.

பெயருக்குப் பதில் ட்யூபின் முதுகில் பொடியாக அச்சிட்டிருக்கும் சாயக் குறியீட்டைப் பாருங்கள். பிபி 29 என்றால் அல்ட்ராமரின் நீலம். பிபி 15 என்று தொடங்கினால் தாலோ நீலம். பிஒய் 42 மஞ்சள் இரும்பு ஆக்சைடு, பிஆர் 101 சிவப்பு இரும்பு ஆக்சைடு, பிடபிள்யூ 6 டைட்டானியம் வெள்ளை. இந்தக் குறியீடு கம்பெனிக்குக் கம்பெனி மாறாது. ஒரே ட்யூபில் இரண்டு மூன்று குறியீடு இருந்தால் அது ஏற்கெனவே கலந்த நிறம். அதை மேலும் இரண்டோடு கலந்தால் சீக்கிரம் சேறாகும். பெயருக்குப் பின்னால் ஹியூ என்று போட்டிருந்தால் மூலச் சாயம் உள்ளே இல்லை, அதைப் போலத் தோன்றும் வேறு சாயம் இருக்கிறது என்று அர்த்தம்.

இப்போது அட்டை தயார் செய்ய வேண்டும். ஒவ்வொரு ட்யூபுக்கும் இரண்டு கட்டம். ஒன்றில் நேராக ட்யூபிலிருந்து, அட்டை தெரியாதபடி இரண்டு கோட் பூசுங்கள். இன்னொன்றில் அதே நிறம் ஒரு பங்குக்கு வெள்ளை பத்துப் பங்கு. இந்த இரண்டாவது கட்டத்தைத் தவிர்க்காதீர்கள். தாலோ நீலமும் அல்ட்ராமரினும் ட்யூபிலிருந்து வரும்போது இரண்டும் கருநீலம்தான். வெள்ளை சேர்ந்த பிறகுதான் ஒன்று பச்சைப் பக்கமும் மற்றது ஊதாப் பக்கமும் சாய்வது தெரியும். நன்றாகக் காய்ந்த பிறகு படம் எடுத்து, உங்கள் சொந்த நிறமாக ஆப்பில் ஏற்றுங்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை இதற்கே போகும், போகட்டும்.

படம் எடுக்கும் விதம்

போன் கேமரா தானாகவே நிறத்தை அழகுபடுத்தும். மனிதர் முகத்துக்கு அது நல்லது, நமக்குக் கெடுதல். காலை ஒன்பது, பத்து மணிக்கு, வெயில் நேராக விழாத திண்ணையில், சிவப்புச் சுவரோ வாழையிலையோ பக்கத்தில் இல்லாத இடத்தில் வைத்து எடுங்கள். பச்சை இலைக்குக் கீழே எடுத்த படத்தில் எல்லாவற்றிலும் பச்சை ஏறிவிடும். நம் ஊரில் தோட்டம் இல்லாத வீடு குறைவு என்பதால் சொல்கிறேன். ஃபிளாஷ் வேண்டாம். திரையில் இரவு முறை, கண் பாதுகாப்பு முறை இருந்தால் அணைத்துவிடுங்கள், அவை திரையை மஞ்சளாக்கும்.

ஒவ்வொரு படத்திலும் நிறத்துக்குப் பக்கத்தில் அதே வெள்ளை அட்டைத் துண்டு இருக்கட்டும். வெளிச்சம் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்பதை அது காட்டிக்கொடுக்கும். ஒருமுறை எங்கள் படத்தில் வெள்ளை அட்டையைத் தொட்டுப் பார்த்தபோது அதன் ஆர்ஜிபி எண் 240, 228, 205 என்று வந்தது. வெள்ளையில் மூன்றும் ஏறக்குறைய சமமாக இருக்க வேண்டும். இங்கே நீலம் குறைந்திருக்கிறது, அதாவது வெளிச்சம் மஞ்சளாக இருந்திருக்கிறது. அதே படத்தில் வெட்டுக்கல் 150, 70, 45. இதைத் திருத்த, பச்சை எண்ணை 240-ஆல் பெருக்கி 228-ஆல் வகுத்தோம்; நீல எண்ணை 240-ஆல் பெருக்கி 205-ஆல் வகுத்தோம். 150, 74, 53 என்று வந்தது. அந்த எண்ணைத்தான் ஆப்பில் தட்ட வேண்டும். பெரும்பாலான ஆப்களில் எண்ணை நேரடியாகத் தட்டும் இடம் உள்ளே எங்கேயாவது ஒளிந்திருக்கும்.

வீரியம்

புதியவர்களின் கலவை கெட்டுப்போவதற்கு இதைவிடப் பெரிய காரணம் வேறில்லை. ஆப் ஒரு பங்கு என்று சொல்லும்போது எல்லாச் சாயமும் ஒரே பலம் என்று நினைத்துக்கொள்கிறது. தாலோ நீலம் ஒரு துளி போதும், ஒரு சிரட்டை மஞ்சளைப் பச்சையாக்கிவிடும். மண் நிறங்கள் அப்படியல்ல. அள்ளிப் போட்டாலும் மெதுவாகத்தான் பேசும். மாணவர்களுக்கென்று விற்கும் மலிவு ட்யூப்களில் சாயம் குறைவாகவும் நிரப்புப் பொடி அதிகமாகவும் இருக்கும் என்பதால், ஒரே குறியீடுள்ள இரண்டு ட்யூபுக்குள்ளேயே பலம் மாறும்.

பலத்தை அளக்க எளிய வழி உண்டு. உங்களிடம் இருப்பதில் நடுத்தரமான ஒரு நிறத்தை, அல்ட்ராமரின் என்று வைத்துக்கொள்வோம், அளவுகோலாக எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு பங்கு அல்ட்ராமரினில் பத்துப் பங்கு வெள்ளை கலந்து டைல்ஸில் பூசுங்கள். அடுத்து ஒரு பங்கு தாலோ நீலத்தில் வெள்ளையைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்துக்கொண்டே போய், முதல் பூச்சின் அதே அடர்த்திக்கு வந்ததும் நிறுத்துங்கள். நிறச்சாயலைப் பார்க்காதீர்கள், வெளிர்வு எவ்வளவு என்பதை மட்டும் கண்ணைச் சுருக்கிப் பாருங்கள். நாற்பது பங்கு வெள்ளை பிடித்தது என்றால், உங்கள் தாலோவின் பலம் நான்கு. இனி ஆப் தாலோ நீலம் ஒரு பங்கு என்று சொன்னால், கால் பங்கு எடுக்க வேண்டும். இந்த எண்ணை ட்யூபின் மூடியிலேயே மார்க்கரால் எழுதிவிடுங்கள். எங்கள் வகுப்பு ட்யூப்களின் மூடியில் எல்லாம் இப்படி ஓர் எண் இருக்கும்.

இன்னொன்று. பங்கு என்றால் எடையா, அளவா என்று பல ஆப்கள் சொல்வதே இல்லை. டைட்டானியம் வெள்ளையின் பொடி கனமானது, தண்ணீரைப் போல நான்கு மடங்குக்கும் கொஞ்சம் மேல். கறுப்புக் கரி அந்தக் கனத்தில் பாதி கூட வராது. ஆகவே நிறுத்துக் கலக்கினால் ஒரு விடை, சிரிஞ்சில் அளந்தால் வேறு விடை. எதுவாக இருந்தாலும் ஒன்றிலேயே நில்லுங்கள். நான் சிரிஞ்சைச் சொல்வதற்குக் காரணம், பத்து மில்லி கலவைக்கு நம்பகமான தராசு வீட்டில் யாரிடமும் இருக்காது.

கலக்குவோம்: வெட்டுக்கல் காவி

150, 74, 53 என்று தட்டியதும் எங்கள் ஆப் சொன்னது: ரெட் ஆக்சைடு 5, யெல்லோ ஓக்கர் 3, வெள்ளை 1. பங்குக்கு அரை மில்லி வைத்தால் 2.5, 1.5, 0.5. மொத்தம் 4.5 மில்லி, சோதனைக்கு இது தாராளம். முதல் முறை எப்போதும் கொஞ்சமாகவே கலக்குங்கள். வெளிர் நிறத்தில் அடர் நிறத்தைச் சேர்க்க வேண்டுமே தவிர, அடர் நிறத்தை வெளுக்க வெள்ளையைக் கொட்டிக்கொண்டே போகக் கூடாது. அப்படிப் போனால் ஒரு வாளி நிறைந்தாலும் வேண்டிய நிறம் வராது.

கலந்ததை அட்டையில் பூசி, காயவைத்து, வெட்டுக்கல் துண்டின் பக்கத்தில் வைத்து, இரண்டையும் வெள்ளை அட்டையையும் ஒரே படத்தில் எடுத்தோம். ஒரே படம் என்பதுதான் இங்கே முக்கியம். கேமரா செய்யும் தப்பு இரண்டுக்கும் ஒன்றாகவே விழுவதால், இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் பெரிதாகக் கெடாது. முன்போலவே திருத்திப் பார்த்தால் கல் அதே 150, 74, 53. நம் கலவை 158, 84, 70. வெளுத்திருக்கிறது, ரோஸ் பக்கம் போயிருக்கிறது.

இந்த இடத்தில் பிள்ளைகள் எதையாவது கொஞ்சம் கூட்டிப் பார்க்கலாம் என்று கை வைப்பார்கள். வேண்டாம். குழித்துறை ஆற்றைக் குறுக்கே நீந்திக் கடக்கிறவர் எதிரே தெரியும் படித்துறையை நேராகக் குறிவைக்க மாட்டார். தண்ணீர் எவ்வளவு இழுக்கும் என்று தெரிந்து, அவ்வளவு மேலே குறிவைப்பார். நம் ஆப்பும் சாயமும் சேர்ந்து எவ்வளவு இழுக்கின்றன என்பது இப்போது எண்ணாகவே கையில் இருக்கிறது: சிவப்பில் 8, பச்சையில் 10, நீலத்தில் 17 கூடுதல். அந்த அளவை வேண்டிய நிறத்திலிருந்து கழித்து, 142, 64, 36 என்று ஆப்பிடம் கேளுங்கள். அது உண்மையில் நமக்கு வேண்டாத நிறம்தான். ஆனால் அதைக் கேட்டால்தான் வேண்டியது வரும். இந்த முறை ஆப் சொன்னது ரெட் ஆக்சைடு 10, ஓக்கர் 8, வெள்ளை 1. கலந்து காயவைத்துக் கல்லின் மேல் வைத்துப் பார்த்தோம். எந்த இடத்தில் கல் முடிந்து அட்டை தொடங்குகிறது என்று கூர்ந்து பார்க்க வேண்டியிருந்தது. பாறசாலையிலிருந்து வரும் பையன் அதை வீட்டில் காட்ட வேண்டும் என்று வாங்கிக்கொண்டு போனான்.

பத்தும் எட்டும் ஒன்றும் சேர்ந்தால் பத்தொன்பது பங்கு. பங்குக்கு 3 மில்லி வைத்தால் 30, 24, 3; மொத்தம் 57 மில்லி. ஒரு படத்துக்கு வேண்டியதை ஒரே தடவையில் கலந்து, மேலே காற்று நிற்காதபடி சின்ன டப்பாவில் நிரப்பி மூடிவிடுங்கள். பாதி வேலையில் தீர்ந்துபோய் மறுபடி கலப்பது, சூத்திரம் கையில் இருந்தாலும், மனவேதனை.

ஈரமும் காய்ச்சலும்

அக்ரிலிக் ஈரமாக இருக்கும்போது வெளிறித் தெரியும், காய்ந்தால் அடர்த்தியாகும். அதில் உள்ள பசை ஈரத்தில் பால்போல வெளுத்திருக்கும்; காயும்போது கண்ணாடியாகத் தெளிந்து, உள்ளே இருக்கும் சாயம் முழுசாக வெளியே தெரியும். சுண்ணாம்பும் டிஸ்டெம்பரும் நேர் எதிர், காய்ந்தால் வெளுக்கும். வாட்டர்கலரும் வெளுக்கும். ஆப்புக்கு இந்தப் பேச்சே தெரியாது. அதனால்தான் மேலே எல்லா இடத்திலும் காய்ந்த பிறகு, காய்ந்த பிறகு என்று சொல்லிக்கொண்டே வந்தேன். காய்ந்ததைக் காய்ந்ததோடு ஒப்பிட்டுக் குறியை மாற்றினால், காய்வதால் வரும் மாற்றமும் அந்தக் கழித்தலுக்குள்ளேயே அடங்கிவிடும்.

இடவப்பாதி மழைக்காலத்தில் மட்டும் பொறுமை வேண்டும். ஜூனில் எங்கள் பக்கம் காற்றிலேயே தண்ணீர் இருக்கும். மேலே தொட்டால் காய்ந்தது போல இருக்கும், உள்ளே ஈரம் நிற்கும். ஹேர் டிரையரை மிதமான சூட்டில், ஒரு சாண் தள்ளிப் பிடித்து ஓட்டி, ஆறவிட்டு, அப்புறம் படம் எடுங்கள்.

ஒன்றின் மேல் ஒன்று பூசும்போது

கேரளச் சுவரோவியத்தில் ஐந்து நிறம்தான்: மஞ்சள், சிவப்பு, பச்சை, கறுப்பு, வெள்ளை. பத்மநாபபுரம் அரண்மனை எங்களுக்குக் கூப்பிடு தூரம். இருப்பது கன்னியாகுமரி மாவட்டத்தில் என்றாலும் பராமரிப்பது கேரளத் தொல்லியல் துறை. அங்கே உப்பரிகை மாளிகையில் இருக்கும் ஓவியங்களும் இந்த மரபைச் சேர்ந்தவை. மரபு முறையில் வெள்ளை என்பது சுண்ணாம்புச் சுவரேதான், தனியாகப் பூசுவதில்லை. சிவப்பும் மஞ்சளும் வெட்டுக்கல், கறுப்பு விளக்குக் கரி, பச்சை என்பது நீல அவுரியும் மஞ்சளும் சேர்ந்தது. மஞ்சளில் தொடங்கிக் கறுப்பில் முடிப்பார்கள். நிழல் கொடுக்க வேண்டிய இடத்தில் மெல்லிய நிறத்தை மேலே மேலே ஏற்றுவார்கள்.

ஆப்புக்கு இந்த ஏற்றுதல் புரியாது. கலவையைத் தட்டில் ஒன்றாக்கிப் பூசுகிறோம், அடியில் இருப்பது தெரியாது என்றுதான் அது நினைக்கிறது. வெள்ளைத் தரையின் மேல் மெல்லிய சிவப்பை ஓட்டினால் கிடைக்கும் ஒளி ஒன்று, அதே சிவப்பில் வெள்ளையைக் கலந்தால் வருவது வேறு. பின்னது சுண்ணாம்பு அப்பியது போல மங்கும். வகுப்பில் ஆப் வெள்ளை சேர் என்று சொல்லும் பல இடங்களில் நான் தண்ணீரையோ மீடியத்தையோ (சாயம் சேராத அக்ரிலிக் பசை) சேர்க்கச் சொல்கிறேன். தண்ணீர் அதிகமானால் பசை பலமிழந்து பூச்சு நிற்காது என்பதால், ரொம்ப மெல்லியதாக வேண்டுமென்றால் மீடியம்தான் நல்லது. மெல்லிய பூச்சுக்கு ஆப்பிடம் சூத்திரம் கேட்பதைவிட ஒரு ஏணி அட்டை போடுங்கள்: மஞ்சள் பூசிக் காய்ந்த பட்டையின் மேல் சிவப்பு ஒரு தடவை, இரண்டு தடவை, மூன்று தடவை, நான்கு தடவை. அந்த நான்கு படியையும் படம் எடுத்து ஆப்பில் நான்கு ட்யூபாகச் சேர்த்துவிட்டால், எத்தனை தடவை ஓட்ட வேண்டும் என்ற கேள்விக்கும் அதுவே பதில் சொல்லத் தொடங்கும்.

வராத நிறம்

சில நிறங்களுக்கு ஆப் தொண்ணூற்றேழு சதவீதம் பொருத்தம் என்று போடும். கலந்து பார்த்தால் பக்கத்தில் கூட வராது. சதவீதத்தைப் பார்க்காதீர்கள், எது குறைகிறது என்று பாருங்கள். துடிப்பு, அதாவது நிறத்தின் பளிச்சென்ற தன்மை, குறைந்தால் எத்தனை கலந்தாலும் ஏறாது. கலக்கக் கலக்கத் துடிப்பு குறையவே செய்யும். அப்போது செய்ய வேண்டியது ட்யூபை மாற்றுவதுதான். மஞ்சள் பக்கம் சாய்ந்த சிவப்பை நீலத்தோடு சேர்த்தால் ஊதா வராது, கத்தரிக்காய் வாடிய நிறம்தான் வரும். அதற்குக் குவினாக்ரிடோன் மஜந்தா, பிஆர் 122 என்று போட்டிருக்கும், அதை வாங்க வேண்டும். எதிர்ப்பக்கமும் உண்டு: தாலோ நீலத்தில் கொஞ்சம் பச்சை சேர்த்து வரும் அந்த ஆழமான கடல்நிறம் சாதாரணப் போன் திரையில் முழுசாகத் தெரியாது. திரையில் மங்கலாக இருக்கிறதே என்று பயப்படாமல் அட்டையைப் பார்த்து முடிவு செய்யுங்கள்.

கடைசியாக ஒரு பார்வை

டியூப்லைட் வெளிச்சத்தில் அச்சாகப் பொருந்தும் இரண்டு நிறம் வாசலுக்குக் கொண்டுபோனால் பிரிந்துவிடலாம். உள்ளே இருக்கும் சாயம் வேறு வேறாக இருந்தால் அப்படித்தான் நடக்கும்; ஒவ்வொரு வெளிச்சத்துக்கும் அவை ஒவ்வொரு விதமாகப் பதில் சொல்லும். முடிந்தவரை மூலப்பொருளில் இருக்கும் சாயத்தையே எடுங்கள்: வெட்டுக்கல்லுக்கு இரும்பு ஆக்சைடு, ஏனென்றால் கல்லிலும் அதுதான் இருக்கிறது. பிறகு காய்ந்த அட்டையைப் பகல் நிழலில் ஒருமுறை, எல்இடி பல்பின் கீழ் ஒருமுறை, படம் மாட்டப்போகும் சுவரிலேயே ஒருமுறை வைத்துப் பாருங்கள். பூஜை அறைக்குப் போகிற படம் என்றால் விளக்கை ஏற்றி வைத்துப் பார்க்க வேண்டும். தீபத்தின் முன் சிவப்பும் மஞ்சளும் எழும்பும், நீலம் அமுங்கும். நீலம் வேண்டிய படமானால் அதை ஒரு படி தூக்கிக் கலக்க வேண்டியிருக்கும்.

ஒத்துவந்ததும் அட்டையின் பின்னால் தேதி, ட்யூப் குறியீடுகள், மில்லி அளவு, ஆப்பில் கடைசியாகத் தட்டிய எண், எந்த வெளிச்சத்தில் பார்த்தது என்று எழுதி, மூலையில் துளை போட்டு நூலில் கோத்துவிடுங்கள். போனை மாற்றும்போது ஆப்பில் சேமித்த சூத்திரங்கள் போய்விடுவதுண்டு. எங்கள் வகுப்பு ஜன்னலில் தொங்கும் அந்தக் கோவையில் இப்போது இருநூற்றுக்கும் மேல் அட்டை இருக்கிறது. புதிதாக வருகிறவர்கள் ஆப்பைத் திறப்பதற்கு முன் அதைத்தான் புரட்டுகிறார்கள்.